நடுவில் யாருமில்லை

டிக்கோயா தேயிலைத் தோட்ட லயத்தில் பெண் வீட்டு வாசலை மிதித்ததுமே யோகேஸ்வரனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீட்டிலிருந்த ஒரே கைவைத்த நாற்காலியை நிறைத்துக்கொண்டு கல்யாணத் தரகர் அழகுமுத்து உட்கார்ந்திருந்தார்.

"தரகரே வேணாம்னு சொன்னேனா இல்லையாம்மா?"

"நான் கூப்பிடலப்பா," என்றாள் அம்மா, கூரையைப் பார்த்துக்கொண்டு.

என்ன அக்கிரமம்! ஹட்டனில் உயர்தர வகுப்பு மாணவர்களுக்குப் பௌதிகவியல் சொல்லிக்கொடுக்கிறவன் அவன். தனக்கு ஒரு பெண்ணைத் தானே பார்த்துக்கொள்ளத் தெரியாதா? போன மாதம் நானுஓயாவில் ரயிலேறினான். நெரிசலில், குல்லாவும் மப்ளருமாக இருந்த யாரோ ஒரு பெரியவர் எழுந்து இடம் விட்டார். பக்கத்து சீட்டில் தனுஜா. அவளும் விஞ்ஞான டீச்சர். ஹட்டன் வருவதற்குள் மனசு முடிவாகிவிட்டது. இதில் தரகருக்கு என்ன வேலை?

"நடுவுல ஒரு ஆள் இல்லாம பேசினா நல்லாருக்காதுங்களே மாஸ்டர்," என்றார் தனுஜாவின் அப்பா கந்தப்பன்.

"ஏன் நல்லாருக்காது? பெர்மியன்னு துகள் இருக்குங்க. எல்லாம் ஒரே புள்ளியில சந்திக்கும், அங்கனயே காரியம் முடிஞ்சிரும். தூது போக நடுவுல ஒரு துகளும் கெடையாது. நியூத்திரன் ஒன்னு உள்ள போகும். புரோத்தன், இலத்திரன், இன்னொரு சின்னதுன்னு மூணு வெளிய வரும்!"

கந்தப்பன் முகம் சுருங்கியது. "ஒன்னு போயி மூணா வருமா? கல்யாணம் பேசுற எடத்துல இது என்ன பேச்சுங்க?"

"அது உதாரணங்க! நாங்க ரயில்லயே நேரடியா பேசி முடிவு பண்ணிட்டோம்னு சொல்ல வந்தேன்."

"முடிவே பண்ணிட்டீங்களா? அப்ப பெத்தவன் நான் எதுக்கு?"

கந்தப்பன் எழுந்தே விட்டார். அம்மா தலையில் கைவைத்துக்கொண்டாள்.

தனுஜா மெல்ல வாயைத் திறந்தாள். "சேர், அது பழைய கணக்கு. பெறகு விஞ்ஞானிங்க இன்னும் கிட்டப் போய்ப் பாத்தாங்க. நடுவுல ஒரு துகள் இருக்கத்தான் செஞ்சிச்சு. கனம் ஜாஸ்தி, தூரம் போகாது. அதான் கண்ணுக்குத் தப்பிருச்சு."

"அது எனக்குத் தெரியாதா? நம்ம விஷயத்துல அப்படி ஒரு கனமும் கெடையாது!" யோகேஸ்வரன் தரகர் பக்கம் திரும்பினான். "நீங்க மொதல்ல வெளிய போங்க!"

அழகுமுத்து எழுந்தார். நாற்காலியும் கூடவே எழுந்தது. யோகேஸ்வரனே பிடித்து இழுத்துக் கழற்ற வேண்டியதாயிற்று.

வெளியே மழை. தரகர் பையிலிருந்து குல்லாவை எடுத்துத் தலையில் மாட்டினார்.

தேத்தண்ணித் தட்டோடு வந்த தனுஜாவின் அத்தை வேலாயி பதறிப்போனாள்.

"காத நல்லா மூடுங்கண்ணே! அன்னைக்கு மாஸ்டருக்கு சீட்ட விட்டுட்டு, ஹட்டன் வரைக்கும் ரயில் வாசல்ல நின்னுதானே ஒங்களுக்கு சளி புடிச்சிச்சு!"