நாற்பத்துநாலாம் இலக்க வாரிசு

தோர்ண்டன் ஹீத், லண்டன்
ஞாயிற்றுக்கிழமை

அன்பும் மதிப்பும் உள்ள சிறி மாமாவுக்கு,

மேனுஷா எழுதிக்கொள்வது. நானும் அம்மாவும் சுகம். அங்கே நீங்களும் மாமியும் சுகமாக இருக்கவும், ஹனோவர்க் குளிர் உங்கள் முழங்காலை இந்த வருடமாவது விட்டுவைக்கவும் வேண்டிக்கொள்கிறேன். முத்திரை ஒட்டிய கடிதத்தைக் கண்டு பயப்பட வேண்டாம், யாருக்கும் ஒன்றும் நடக்கவில்லை. வாட்ஸப்பில் எழுதினால் நீங்கள் அதைக் குடும்பக் குழுவுக்கு அனுப்பிவிடுவீர்கள். போன முறை உங்களுக்கு மட்டும் என்று நான் எழுதியதை ரொறன்ரோவில் இருந்து மூன்று பேர் எனக்கே திருப்பி அனுப்பி, "வாசித்துப் பார், யாரோ நல்லாய் எழுதியிருக்கினம்" என்றார்கள். கடதாசியை அப்படி அனுப்ப ஏலாது என்ற நம்பிக்கையில் எழுதுகிறேன்.

விசயம் இதுதான். இது உங்கள் கைக்கு வருவதற்குள் எங்கள் ஊர் நலன்புரிச் சங்கத்தின் செயலாளர் தர்மலிங்கம் அங்கிள் உங்களுக்குத் தொலைபேசி எடுத்திருப்பார். குரலில் தேன் வடிந்திருக்கும். லண்டன் கிளைக்கு நீங்கள்தான் தலைவராக வரவேண்டும் என்று சபை ஒரே குரலில் கேட்பதாகச் சொல்லி, பதில் சொல்ல மூன்று கிழமை தவணையும் தந்திருப்பார். மாமா, தயவுசெய்து ஓம் என்று சொல்லிவிடாதீர்கள். ஏன் என்று சொல்லத்தான் இவ்வளவு பக்கம்.

முதலில் இருந்து வருகிறேன். பதினொரு வருடம் தலைவராக இருந்த நீலவேணி ரீச்சர் மகளோடு இருக்கக் கனடாவுக்குப் போகிறார். வேறு சங்கமென்றால் தேர்தல் வைப்பார்கள். எங்கள் சங்கத்தில் கடைசியாகத் தேர்தல் வைத்த அன்று பாதிப் பேர் கதிரையைத் தள்ளிக்கொண்டு எழுந்துபோய், வால்தம்ஸ்டோவில் வேறு சங்கம் தொடங்கிவிட்டார்கள். அதற்குப் பிறகு எழுதிய யாப்பில் தேர்தலே இல்லை. ஆயுள் உறுப்பினர் பட்டியலில் முதலாம் இலக்கத்தில் இருந்து இறங்கிக்கொண்டு வரவேண்டும், தகுதி உள்ள முதல் ஆள் தலைவர். யாருக்குத் தகுதி இல்லை என்பதைப் பதினாலாம் விதி சொல்கிறது: வால்தம்ஸ்டோச் சங்கத்தின் எந்த நிகழ்விலாவது கலந்துகொண்டவரும், அப்படிக் கலந்துகொண்ட ஒருவரை மணம் முடித்தவரும் தலைவராக முடியாது. இந்த விதியை வாசித்தபோது சபை எழுந்து கைதட்டியதாம். வால்தம்ஸ்டோக்காரர் மட்டன் ரோல் நல்லாய்ச் செய்வார்கள் என்பதை அந்த நேரம் ஒருவரும் யோசிக்கவில்லை.

நேற்றுப் பின்னேரம் கூட்டம். தர்மலிங்கம் அங்கிள் ஒரு மடிக்கணினியும் வெள்ளைத் திரையும் கொண்டு வந்திருந்தார். வால்தம்ஸ்டோக்காரரின் ஒன்பது வருட விழா வீடியோக்களும் அவரிடம் இருந்தன. யார் கொடுத்தது என்று ஒருவரும் கேட்கவில்லை, நான் மட்டும் மனதில் குறித்துக்கொண்டேன். முதலாம் இலக்கம் காலமாகிவிட்டார். இரண்டாம் இலக்கம் அவர்களுடைய பொங்கல் பானைக்குப் பக்கத்தில் கரண்டியோடு நிற்கிறார். ஏழாம் இலக்கம் தான் மண்டபம் மாறிப் போய்விட்டதாகச் சொன்னார், ஆனால் நாலு வருட வீடியோவிலும் மாறிப் போயிருந்தார். கிறிஸ்துராஜா அங்கிள் மகளைக் கூட்டிவரப் போனவராம், ஒரே ஒரு ரோல்தான், அதுவும் காருக்குள் இருந்துதான் சாப்பிட்டவராம். காரும் கணக்கில் வரும் என்று தீர்ப்பாயிற்று. பிறகு கமலநாதன் அங்கிளின் முறை. அவர் எங்கேயும் இல்லை. எல்லோரும் மூச்சு விடும் நேரம், விளையாட்டுப் போட்டி வீடியோவில் அவருடைய மனைவி தேசிக்காய்-கரண்டி ஓட்டத்தில் முதலாவதாக வந்து, இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு எங்களைப் பார்த்துச் சிரித்தார்.

"அவ ஓடினவ. நான் சும்மா பாத்துக்கொண்டு நிண்டனான்," என்றார் கமலநாதன் அங்கிள்.

"எங்க நிண்டனீங்கள்?" என்று தர்மலிங்கம் அங்கிள் மிகவும் மெதுவாகக் கேட்டார்.

அவர் மனைவியாலும் போனார், தன்னாலும் போனார். இப்படி நாற்பத்து மூன்று பேரும் போய், சபையில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க முடியாமல் இருந்தபோது, தர்மலிங்கம் அங்கிள் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு வாசித்தார்: "நாற்பத்துநாலு. ஸ்ரீஸ்கந்தராஜா. ஹனோவர், ஜேர்மனி."

நீங்கள் உறுப்பினர் என்பதே உங்களுக்குத் தெரியாது என்று நினைக்கிறேன். சங்கம் தொடங்கிய வருடம் ஆட்கள் காணாது என்று அம்மா உங்கள் பெயரையும் படிவத்தில் எழுதிக் கொடுத்துவிட்டார். எங்கள் கூட்டத்துக்கும் வராமல், அவர்களுடைய கூட்டத்துக்கும் போகாமல், வாழ்நாளில் ஒரு ரோல்கூடச் சாப்பிடாமல் சுத்தமாக இருக்கும் ஒரே ஆள் நீங்கள். சபை கைதட்டியது. நான் கைதட்டவில்லை. ஏனென்றால் இது இந்த நாட்டில் ஏற்கெனவே நடந்தது, அதுவும் உங்கள் ஹனோவரில் இருந்துதான்.

நீங்கள் ஹெரன்ஹவுசன் பூங்காவில் நீரூற்றுக்கு முன்னால் நின்று எடுத்த படம் எங்கள் வீட்டில் குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டியிருக்கிறது. முந்நூறு வருடத்துக்கு முன் அதே பூங்காவில் சோபியா என்று ஓர் அம்மா உலாவிக்கொண்டு திரிந்தார். இங்கே ஆன் அரசிக்குப் பிள்ளைகள் ஒன்றும் தங்கவில்லை. அடுத்த உரிமைக்காரர் ஐம்பது பேருக்கு மேல் இருந்தார்கள், ஆனால் எல்லோரும் கத்தோலிக்கர். கத்தோலிக்கரும், கத்தோலிக்கரை மணம் முடித்தவரும் அரியணை ஏறக்கூடாது என்று 1701இல் சட்டம் போட்டுவிட்டார்கள். எங்கள் யாப்பை எழுதியவர்கள் அந்தச் சட்டத்தை வாசித்திருக்க மாட்டார்கள். ஒரே மாதிரிக் கோபம் வந்தால் மனிதர் ஒரே மாதிரி வசனத்தைத்தான் எழுதுவார்கள்போல. அப்படி ஒவ்வொருவராகக் கழித்துக்கொண்டு போனதில் மிஞ்சியவர் சோபியா. அவர் எண்பத்து மூன்று வயதில் அந்தப் பூங்காவில் மழைக்கு ஒதுங்க ஓடி விழுந்து இறந்தார். இரண்டு மாதம் பொறுத்திருந்தால் இங்கிலாந்துக்கு அரசி. ஆகவே மகன் ஜோர்ஜ் வந்தார், 1714இல், ஐம்பத்து நாலு வயதில். மனைவியை ஒரு மாளிகையில் அடைத்து வைத்துவிட்டு வந்தவர் என்பதால் மற்ற விசயங்களில் அவரை உங்களோடு ஒப்பிட மாட்டேன். ஆனால் அவருக்கு இங்கிலிஷ் பெரிதாகத் தெரியாது. மந்திரிகளோடு பிரெஞ்சில் பேசி, பிறகு அலுத்துப்போய் மந்திரிசபைக்கே போகாமல் விட்டார். அவர் போகாத கூட்டத்தில் மந்திரிகள் இருந்து நாட்டை ஆண்டார்கள். ஒரு மனிதரை அவ்வளவு தூரத்தில் இருந்து கூப்பிட்டவர்கள் அவர் ஆளவேண்டும் என்று கூப்பிடவில்லை, மாமா. தங்களைக் கேள்வி கேட்க ஏலாத ஒருவர் வேண்டும் என்றுதான் கூப்பிட்டார்கள்.

இப்போது கேட்பீர்கள், ஒரு நலன்புரிச் சங்கத்தில் ஆளுவதற்கு என்ன இருக்கிறது என்று. ஓர் அறை இருக்கிறது. எங்கள் மண்டபத்துக்குப் பின்னால், சமையலறையைத் தாண்டி. அதில் ஆயிரத்துத் தொள்ளாயிரம் தமிழ்ப் புத்தகங்கள். ஊரை விட்டு வந்தபோது பெட்டியில் உடுப்பைக் குறைத்து இவற்றைக் கொண்டுவந்தவர்கள், வயது போனபின் வீட்டில் வாசிக்க ஆளில்லாமல் எங்களிடம் கொடுத்தவை. ஐந்து வருடமாகச் சனிக்கிழமைகளில் நான்தான் அதைத் திறக்கிறேன். நாலு பேர் வருவார்கள், அதில் இருவர் சாப்பாட்டு வரிசை தொடங்கும் வரைதான். அது எனக்குப் போதும். எனக்கு ஆட்களோடு இருக்க விருப்பம், ஆனால் அவர்கள் பேசாமல் ஏதாவது வாசித்துக்கொண்டு இருந்தால்தான். இந்த ஊரில் அப்படி ஒரு இடம் எனக்கு அது ஒன்றுதான். போன மாதம் போட்டோக்கொப்பி இயந்திரத்தில் யாரோ விட்டுப்போன வரைபடம் ஒன்றைக் கண்டேன். என் அறை இருக்கும் சதுரத்தில் "மணப்பெண் அலங்கார அறை" என்று எழுதி, மூன்று பக்கமும் கண்ணாடி கீறியிருந்தது. புத்தகம் என்று தேடினேன், ஒரு மூலையில்கூட இல்லை. கட்டட மாற்றத்துக்குத் தலைவரின் கையெழுத்து வேண்டும். நீலவேணி ரீச்சர் வைக்க மாட்டேன் என்றவர். அவர் போகிறார். இப்போது இங்கிலிஷ் தெரியாத தலைவர் ஒருவர் வருகிறார். நான் சும்மா சந்தேகப்படுகிறேனா, நீங்களே சொல்லுங்கள்.

நான் நேரே கேட்டும் பார்த்தேன். கூட்டம் முடிந்து கதிரை அடுக்கும்போது தர்மலிங்கம் அங்கிளிடம் போய், "அங்கிள், மாமாவுக்கு டொச் பாஷை தெரியும், தமிழ் தெரியும். இங்கிலிஷ் வாசிக்கத் தெரியாது," என்றேன்.

"அதுக்கென்ன பிள்ளை. தலைவர் ஏன் வாசிக்க வேணும்? மாலை போடேக்க குனியத் தெரிஞ்சால் காணும்."

"கையெழுத்து வைக்க வேணுமே?"

"கையெழுத்து எந்தப் பாஷையிலயும் வைக்கலாம்," என்று சொல்லி, நான் பிடித்திருந்த கதிரையையும் வாங்கி அடுக்கிவிட்டுப் போனார். அவர் அப்படி உதவி செய்து நான் கண்டதே இல்லை.

அம்மாவிடம் சொன்னால் பயனில்லை. நேற்று இரவுச் சாப்பாட்டுக்குள் தோர்ண்டன் ஹீத் மரக்கறிக் கடை முதல் கிங்ஸ்பரிச் சித்தி வீடு வரை "என்ர தம்பிதான் தலைவர்" என்ற செய்தி போய்விட்டது. வரைபடத்தைக் காட்டினேன். "நீ பால் பக்கற்றில போட்ட திகதியையே நம்பாத பிள்ளை," என்றார். பிறகு கோப்பை கழுவிக்கொண்டே, திரும்பாமல் சொன்னார்: "தலைவர் எண்டால் வருசத்துக்கு நாலு தரம் வந்துதானே ஆகவேணும். முப்பது வருசமாக் கூப்பிடுறன், ஒவ்வொரு முறையும் வேலை ஷிப்ட் எண்டுறான்." அதற்கு மறுமொழி உங்களிடம் இருந்தால் அம்மாவுக்கு எழுதுங்கள், எனக்கு வேண்டாம்.

ஆனாலும் என் வேண்டுகோள் இதுதான். நீங்கள் ஒரு சிறிய பொய் சொல்ல வேண்டும். ஜேர்மனியில் ஏதோ ஒரு கோயில் திருவிழாவில் வால்தம்ஸ்டோச் சங்கத்தின் பந்தலில் மாமி மோர் வாங்கிக் குடித்தவர் என்று சொன்னால் காணும். பதினாலாம் விதி உங்களை உடனே விட்டுவிடும். மாமியிடம் நான் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்லுங்கள். அவர் குடித்தது மோர் மட்டும்தான், ரோல் இல்லை என்பதை நான் யாரிடமும் உறுதியாகச் சொல்லுவேன்.

உங்கள் இருவருக்கும் நல்ல சுகத்தையும், வழுக்காத நடைபாதையையும், ஒழுங்கான நித்திரையையும் எல்லாம் வல்லவன் தரட்டும். அம்மாவின் அன்பையும் இத்துடன் சேர்த்துக்கொள்ளுங்கள், அவர் கேட்டு நான் எழுதவில்லை என்றாலும்.

என்றும் உங்கள் மருமகள்,
மேனுஷா

பி.கு.: கடித உறையை ஒட்டப்போகும் நேரம் தர்மலிங்கம் அங்கிள் தொலைபேசி எடுத்தார். குரல் நேற்றையதைவிட இனிப்பு. "மாமா ஏலாது எண்டு சொன்னாலும் பரவாயில்லை பிள்ளை, அவரைக் கரைச்சல்படுத்த வேண்டாம். அடுத்த ஆள் ஒராள் சுத்தமா இருக்கிறார்," என்றார். யார் என்று கேட்டேன். ஐம்பத்தோராம் இலக்கம், யனுஷன், நோர்வே. அங்கிளின் மருமகன். மாமனார் நீட்டும் கடதாசியை மறுபக்கம் திருப்பியும் பார்க்காதவர். அப்போதுதான் எனக்கு விளங்கியது. உங்களைக் கூப்பிட்டதே நீங்கள் வழக்கம்போல ஷிப்ட் என்று சொல்லுவீர்கள் என்ற நம்பிக்கையில்தான். இந்தக் கடிதத்தை என்னைக்கொண்டு எழுதுவித்ததும் அவர்தானோ என்று இப்போது சந்தேகமாக இருக்கிறது.

ஆகவே மேலே எழுதிய எல்லாவற்றையும் விட்டுவிடுங்கள். முழுவதையும் திருப்பி எழுத நேரம் இல்லை, அம்மா தபால் பெட்டிக்குப் போகக் கோட் போட்டுவிட்டார். உடனே ஓம் என்று சொல்லுங்கள். மாமி மோர் குடிக்கவில்லை. இங்கிலிஷ் பற்றிக் கவலை வேண்டாம், வருகிற கடதாசி எல்லாவற்றையும் நான் வாசிப்பேன். கூட்டங்களுக்கு நான் போவேன். நீங்கள் வருடத்துக்கு நாலு தரம் வந்து, மாலைக்குக் குனிந்து, அம்மாவின் சமையலைச் சாப்பிட்டுவிட்டுப் போனால் சரி. அந்த அரசரின் மந்திரிகளைப் பற்றிக் கொஞ்சம் கடுமையாக எழுதிவிட்டேன். யோசித்துப் பார்த்தால் அவர்களுக்கும் ஏதோ ஓர் அறை இருந்திருக்கும்.

இத்துடன் ஒரு கடதாசி வைத்திருக்கிறேன். இங்கிலிஷில் இருக்கிறது. பென்சிலால் புள்ளடி போட்ட இடத்தில் கையெழுத்து வைத்து அனுப்புங்கள். என்ன எழுதியிருக்கிறது என்று நீங்கள் மினக்கெட வேண்டாம்.