வில்லி பாட்டில் உத்திரக் கணக்கு

தமிழ்நாட்டிலேயே மிக உரத்த குரலில் ரகசியம் பேசியவள் எங்கள் விடுதியின் 'ரிக்'தான். திருச்செங்கோட்டில் அப்பாவின் போர்வெல் லாரிகளுக்கு நடுவே வளர்ந்தவள்; துளை போடும் அந்த 'ரிக்' வண்டியின் பெயரையே அவளுக்குப் பட்டப்பெயராக வைத்திருந்தோம். அந்த இரைச்சலை மீறிப் பேசிப் பழகிய தொண்டை. சங்ககிரிப் பக்கத்துக் கல்லூரி விடுதியில் அவள் என் காதில் கிசுகிசுத்தால், மெஸ்ஸில் சாம்பார் ஊற்றுபவர் திரும்பிப் பார்ப்பார்.

ரிக்குக்கு உலகில் ஒரே படம். சிறகு முளைத்த பள்ளிப் பிள்ளைகள் பாடிக்கொண்டே வாள்சண்டை போடும் படம். அதிலும் இரண்டாம் பாகம் மட்டும்.

"குழந்தைங்க படம்டி" என்றேன்.

"அட போ புள்ள! மொதப் பாகத்துல சூனியக்காரி மவ திருந்திருவா, எல்லாரும் ஆடுவாங்க, முடிஞ்சுது. திருந்துன பொறவு மறுநாளு அதே பள்ளிக்கோடத்துக்குப் போவோணுமல்ல? அந்தச் செரமம் ரெண்டாம் பாகத்துலதான் இருக்குது!"

மறுக்க மூன்று காரணங்கள் எழுதி வைத்திருந்தேன். பதினொன்றாம் முறை அவளோடு பார்த்தபோது மூன்றையும் அடித்துவிட்டேன்.

அந்தப் பருவத்தில், உத்திரங்கள் எவ்வளவு வளையும் என்று கணக்கிடும் தாளில் ரிக்குக்கு அரியர் விழுந்தது. அப்பா போனில் சொன்னார்: "மறுக்காவும் போச்சுன்னா பொட்டியக் கட்டிட்டு ஊட்டுக்கு வந்துரு சாமி. ஆபீஸ்ல போன் எடுக்க ஆளில்ல."

ரிக் அழுதாள். தீயணைப்பு மணி என்று நினைத்து வார்டன் வாளியோடு ஓடி வந்தார்.

அட்டவணை போட்டேன், வண்ணம் தீட்டினேன். எதுவும் அவள் மண்டையில் ஏறவில்லை. கடைசியில் படத்தின் சண்டைப் பாட்டு மெட்டில் சூத்திரங்களைப் பொருத்தினேன். வில்லியாக அவள் கேள்வியைப் பாட, கதாநாயகியாக நான் விடையைப் பாடுவேன். வாளுக்கு மெஸ் கரண்டி.

அவள் அரியர் எழுதிய அன்று எனக்கும் வேறொரு பரீட்சை, அதே ஹாலில். பத்தாவது நிமிடம் ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. கண்காணிப்பாளர் பாய்ந்து வந்தார்.

"ஏம்மா, இது எக்ஸாம் ஹாலா, திருவிழாவா?"

"மனசுக்குள்ளதானுங்க சார் பாடுனேன்!"

"உம்மனசு மெயின் கேட்டு வரைக்கும் கேக்குது. இன்னொருக்கா சத்தம் வந்தா பேப்பரப் புடுங்கிருவேன்."

ரிக் உதட்டைக் கடித்தாள். பேனா நின்றது. பாட்டு இல்லாமல் அவளுக்குச் சூத்திரம் இல்லை. எனக்கோ விடை வரியை எடுத்துக் கொடுக்க வழியில்லை. பத்து நிமிடம் கழித்துத் தரையில் ஏதோ அசைந்தது. செருப்பைக் கழற்றிவிட்டு ரிக் கால் ஆட்டிக்கொண்டிருந்தாள். வில்லியின் தாளம்! இடக்கையில் அடிஸ்கேல் வாளாக உயர்ந்தது. வலக்கைப் பேனா பறந்தது. கண்காணிப்பாளர் முறைத்தார். ஆனால் ஆடக்கூடாது என்று எந்த விதியிலும் இல்லை.

தேறிவிட்டாள். அவளே கத்திச் சொல்லிவிட்டதால் முடிவை நோட்டீஸ் போர்டில் யாரும் பார்க்கவில்லை.

இப்போது நான் சேலத்தில் பாலங்களுக்குக் கணக்குப் போடுகிறேன். அவள் எங்கோ தூரத்தில் வேலை பார்க்கிறாள். உத்திரம் வந்தாலே அந்த மெட்டும் வந்துவிடுகிறது. வில்லியின் வரியை மட்டும் நான் பாடுவதில்லை. அவளுக்காக அந்த இடத்தைக் காலியாக விட்டு, பிறகுதான் விடைக்குப் போகிறேன்.