அக்டோபர் பக்கத்து கிராண்ட்மாஸ்டர்

நாற்பத்தோரு வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆவது என்று முடிவு செய்தேன். இதில் சிரிக்க ஒன்றும் இல்லை. பன்னிரண்டு வயதில் ஆனவர் இருக்கிறார். நான் இருபத்தொன்பது வருடம் தாமதம், அவ்வளவுதான்.

என் பெயர் காசிராஜன். சிவகாசியில் ஒரு காலண்டர் கம்பெனியில் பிழை திருத்துகிறவன். எங்கள் பக்கத்தில் 'ழ' என்ற எழுத்து காகிதத்தில் மட்டும்தான் உண்டு. வாய்க்குள் போனால் 'ள' ஆகிவிடும். கம்போஸ் செய்கிறவர்களுக்கும் வாய் இருப்பதால் எனக்கு வேலை இருக்கிறது. இருபது வருடமாக எழுத்தை மட்டும் பார்த்துப் பழகியவன் நான். விஷயத்தைப் படிக்க ஆரம்பித்தால் பிழை கண்ணில் படாது. இது தொழில் ரகசியம், வெளியே சொல்லிவிடாதீர்கள்.

2008 டிசம்பரில், காலண்டர் சீசன் முடிகிற நேரத்தில், விருதுநகர் செஸ் கிளப் ஒன்று அவசர ஆர்டர் கொடுத்தது. மாதத்துக்கு ஒரு பக்கம், பக்கத்துக்கு ஒரு கிராண்ட்மாஸ்டரின் வாழ்க்கை. புரூஃப் வந்தபோது பன்னிரண்டு பக்கத்திலும் 'வாள்க்கை' என்று இருந்தது. பன்னிரண்டு பேரையும் வாழ வைத்தேன்.

ஜனவரி, பிப்ரவரி, மார்ச் மூன்றையும் தொழில் தர்மத்தை மீறி ஆசையாகப் படித்துவிட்டேன். அதற்குள் முதலாளி ராஜபாண்டியன் தலைக்கு மேல் வந்து நின்றதால் ஏப்ரலிலிருந்து எழுத்தை மட்டும் பார்த்து, 'பிழை இல்லை, கா.ரா.' என்று கையெழுத்துப் போட்டேன். ஆனால் மூன்று மாதமே போதுமாக இருந்தது. எனக்கும் பள்ளிக்கூட நாளிலிருந்து செஸ் தெரியும். அந்த கிளப் இருபத்தெட்டாம் தேதி ஞாயிற்றுக்கிழமை ஒரு போட்டியும் வைத்திருந்தது. பேர் கொடுத்துவிட்டேன். வருடத்துக்குப் பல லட்சம் தாளில் ஊரார் பெயரையெல்லாம் திருத்துகிறேன். என் பெயரை ஒரே ஒரு தாளில், ஆட்டக்காரன் என்று பார்க்க ஆசை. ரொம்ப ஆசை.

இனி வீட்டில் சொல்ல வேண்டும். எதிராளி பலமானவள் என்பதால் சாப்பிட்டு முடித்தபிறகு ஆரம்பித்தேன்.

"ஏ செல்லக்கனி, ஞாயித்துக்கிழமை எனக்கு விருதுநகர்ல டோர்னமென்ட்டு."

"எனக்குப் புதுப்பட்டில காதுகுத்து. தம்பி மக ஓவியாவுக்கு. நீகளும் வாறீக" என்றாள் என் மனைவி, தட்டை எடுத்துக்கொண்டே.

"கிராண்ட்மாஸ்டர் ஆகப்போறவன் காதுகுத்து வீட்டுல போயி கறிச்சோறு தின்னுக்கிட்டு இருக்க முடியுமா?"

"ஏன், அவுகளுக்குப் பசிக்காதா?"

"விளையாடாத. அந்தப் பட்டத்துக்கு மூணு நார்ம் வாங்கணும், மூணு பெரிய போட்டில தகுதி காட்டணும், தெரியுமா?"

"மூணு நார்ம் எதுக்கு? ஒரு நா நார்மலா இருங்க, போதும்."

நான் கோபப்படவில்லை. கிராண்ட்மாஸ்டர்கள் கோபப்பட மாட்டார்கள். பிப்ரவரி பக்கத்திலிருந்து ஒரு கதையை எடுத்துவிட்டேன்.

"ஒரு பெரிய மேதை. உலகப் பட்டத்த ஜெயிச்ச கையோட இருவது வருசம் ஆடவே இல்ல. ஆளு எங்கன இருக்காருன்னே யாருக்கும் தெரியல."

"அப்ப அவருக்குக் கல்யாணம் ஆகியிருந்துச்சா?"

"இல்ல."

"அதான் தேடாம விட்டுட்டாக."

மார்ச் பக்கத்துக்குத் தாவினேன். "இன்னொருத்தருக்கு ஆட்டத்துக்கு நடுவுல தயிர் குடுத்து விட்டாக. அந்தத் தயிருக்குள்ள ஏதோ ரகசியச் சேதி இருக்குன்னு எதிராளி புகார் பண்ணிட்டாரு. எம்புட்டு நுணுக்கமான வாழ்க்கை பாரு!"

"நம்ம வீட்டுத் தயிருக்குள்ள தண்ணிதான் இருக்கு. வாள்க்கையாம் வாள்க்கை!"

"வாழ்க்கை."

"அதத்தான் நானும் சொன்னேன்."

இப்படியே பேசினால் ஞாயிற்றுக்கிழமை வந்து போய்விடும் என்று எனக்குத் தெரியும். அவளுக்கும் தெரிந்திருக்க வேண்டும். தட்டைக் கழுவி வைத்துவிட்டு வந்து எதிரே உட்கார்ந்தாள்.

"சரி, ஆடித் தீத்துக்குவோம். நீக ஜெயிச்சா விருதுநகர் போங்க, நான் வாயத் திறக்க மாட்டேன். நான் ஜெயிச்சா ஞாயித்துக்கிளமை பூராவும் நான் சொல்லுற இடத்துல நீக இருக்கணும்."

"எதுல ஆடுறது? தாயமா?"

"செஸ்ஸுலதான்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "ஒனக்கு ஆடத் தெரியாதே!"

"சொல்லிக் குடுங்க. ஆனா சும்மா வீட்டு ஆட்டமா ஆடக்கூடாது. டோர்னமென்ட்டு எப்பிடியோ, அதே ரூல்சு. பெறகு மாத்திப் பேசக்கூடாது."

சத்தியம் செய்தேன். ஆட்டம் மறுநாள் கிறிஸ்துமஸ் லீவில், மாலை நாலரைக்கு.

அன்று ராத்திரியே அரைமணி நேரம் பாடம் நடத்தினேன். குதிரை எப்படிப் போகும் என்றதும், "ஒங்க அக்கா மாதிரி, நேரா வந்து சட்டுன்னு கோணிக்கிடும்" என்று உடனே புரிந்துகொண்டாள். மறுநாள் நாலரைக்கு ஆடினோம். ஆட்டமா அது! பத்து நிமிடத்தில் அவளுடைய யானை போயிற்று. அடுத்து குதிரை. அதற்கடுத்து ராணியையே நான் வெட்டினேன். வெட்டிய காய்களை என் பக்கம் வரிசையாக நிறுத்தி வைத்தேன்.

"கத்தரிக்கா வெட்டிக் குடுங்கன்னா முதுகுவலிங்கிறீக. இந்தக் காய மட்டும் நல்லா வெட்டுறீக" என்றாள்.

"பேசாம ஆடு. கிராண்ட்மாஸ்டர் ஆட்டத்துல சத்தமே இருக்கக்கூடாது."

"சத்தமே இருக்கக்கூடாதாக்கும்?"

"மூச்."

அவள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். மணி ஐந்து. போரடிக்கிறது போலும் என்று இரக்கப்பட்டேன். இன்னும் இரண்டே நகர்த்தலில் அவளுடைய ராஜாவுக்குக் கதை முடிந்துவிடும். விருதுநகருக்கு எந்த பஸ்ஸில் போவது, எந்தச் சட்டை போடுவது என்றுகூட யோசித்துவிட்டேன். கையை நீட்டினேன்.

என் சட்டைப் பையில் செல்போன் அடித்தது. இரண்டு தடவை அடித்து நின்றது.

"மிஸ்டு கால்தான். நீ கவனத்தச் செதறவிடாத" என்றேன்.

"ஆட்டம் முடிஞ்சிருச்சுங்க. நீக தோத்துட்டீக."

"என்னது?"

அவள் எழுந்து போய், அடுப்படி அலமாரித் தட்டில் விரித்திருந்த தாளை உருவி எடுத்து வந்தாள். நான் வீட்டுக்குக் கொண்டுவந்து போடும் பழைய புரூஃப்தான். மஞ்சள்பொடி டப்பா வைத்த வட்டம் அதில் பதிந்திருந்தது.

"அக்டோபர் பக்கம். படிங்க."

படித்தேன். ஒரு பெரிய சாம்பியன், ஆட்டத்தின் நடுவே அவருடைய செல்போன் அடித்ததால், அந்த நிமிடமே தோற்றவராக அறிவிக்கப்பட்டார். போட்டிக்கூடத்தில் யாருடைய போன் அடிக்கிறதோ அவருக்குத் தோல்வி என்பது இப்போது விதி. ஓர் எழுத்துப் பிழை இல்லை. அடியில் என் கையெழுத்து: 'பிழை இல்லை, கா.ரா.'

"நீ இதெல்லாம் படிக்கிறியா?"

"நீக எளுத்தப் பாக்குறீக. நான் விசயத்தப் பாக்குறேன். பன்னெண்டு பேரு வாள்க்கையும் எனக்குப் பாடம்."

'வாழ்க்கை' என்று திருத்த வாய் வரவில்லை.

மனசு நொந்துதான் போனது. ஜெயித்த ஆட்டம். ராணி இல்லாத ஒருத்தியிடம் தோற்றிருக்கிறேன். சரி, கறிச்சோறாவது கிடைக்கும் என்று மனதைத் தேற்றிக்கொண்டு போனை எடுத்துப் பார்த்தேன். மச்சினன் செல்வக்குமார் நம்பர். காதுகுத்து வீட்டுக்காரன் அழைப்புச் சொல்லக் கூப்பிட்டிருப்பான் என்று நானே திருப்பிக் கூப்பிட்டேன்.

"மாப்ள, கூப்பிட்டியா?"

"அக்காதான் அத்தான் சரியா அஞ்சு மணிக்கு ரெண்டு அடி விட்டு கட் பண்ணச் சொன்னா. எதுக்குன்னு தெரியல. நல்லாருக்கீகளா?"

"இருக்கேன், இருக்கேன். ஞாயித்துக்கிழமை எத்தன மணிக்கு வரணும்?"

"எங்கன?"

"ஒம்மக காதுகுத்துக்குத்தாம்லே."

போனில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. கிராண்ட்மாஸ்டர் ஆட்டம் மாதிரி இருந்தது.

"அத்தான், இது மார்களி மாசம். மார்களில எவனாவது காது குத்துவானா? தை பொறக்கட்டும்னு இருக்கோம். காலண்டர் கம்பெனில இருக்கீக, ஒங்களுக்குத் தெரியாதா?"

தெரியும். மார்கழியில் ஒரு முகூர்த்தம்கூடக் கிடையாது. அந்த மாதத் தாள்களை வருடா வருடம் நான்தான் பிழை பார்க்கிறேன். 'மார்கழி'யில் 'ழ' சரியாக இருக்கிறதா என்று மட்டும்.

போனை வைத்துவிட்டு அடுப்படிக்குப் போனேன். செல்லக்கனி பெரிய பானையில் எதையோ கிளறிக்கொண்டிருந்தாள். கறிக்குழம்பு இல்லை. சுண்ணாம்பு.

"பொங்கலுக்கு வெள்ளையடிக்கணும்னு மூணு வருசமாச் சொல்லுறேன். முதுகுவலி, சீசன், சளின்னு நளுவுறீக. ஞாயித்துக்கிளமை பூராவும் நான் சொல்லுற இடத்துல இருக்கணும்னு பேச்சு. ஏணி மேல இருங்க" என்றாள். வெள்ளையடிக்கிற மட்டையை என் கையில் கொடுத்தாள். "செஸ்ஸுல வெள்ளைதான் முதல்ல ஆரம்பிக்கணுமாமே? காலையில ஆறு மணிக்கே ஆரம்பிச்சிருங்க."

அந்த மார்கழியில் எங்கள் வட்டாரத்தில் ஒரே ஒரு காதுகுத்துதான் நடந்தது. காது என்னுடையது.