உயிரோடு இருந்தவருக்கு ஓர் ஆளுயர மாலை

பிடித்த ஓட்டலின் சமையற்கட்டை எட்டிப் பார்க்கக் கூடாது. பிடித்த நாவலின் ஊருக்குப் போகக் கூடாது. முதலாவதை மீறினால் நம் வயிறு மட்டும்தான் கெடும். இரண்டாவதை மீறி நான் ஒரு கிராமத்தின் வயிற்றையே கலக்கியிருக்கிறேன்.

ஏழெட்டு வருஷம் இருக்கும். அப்போது நான் பெரம்பலூரில் ஒரு வாசகர் வட்டத்தின் செயலாளர். (வட்டம் என்பதெல்லாம் சும்மா பேச்சுக்கு. ஒரு வேனில் ஏற்றினால் சீட்டு மிச்சம் இருக்கும்.) எங்களுக்கு வேதம் ஒரு நாவல். எழுதியவர் பெயரைச் சொல்ல மாட்டேன், பட்டது போதும். அவர் இளவயதில் கொள்ளிடக் கரையோரம் ஒரு கிராமத்தில் அரசாங்க வேலை பார்த்தபோது, பக்கத்து வீட்டு வாலிபரை மனதில் வைத்து எழுதிய கதை அது. நாயகன் மாணிக்கம் கடைசி அத்தியாயத்தில் கொள்ளிடத்து வெள்ளத்தில் மூழ்கிச் செத்துப்போவான். எங்கள் சரோஜா டீச்சர் அதை எப்போது நினைத்தாலும் அழுவார். கூட்டத்தில் யாராவது மாணிக்கம் பேச்சை எடுத்துவிட்டால், டீச்சர் கையிலிருக்கும் டீ ஆறிப்போகும்.

அந்த அசல் மாணிக்கம், ராமலிங்கம் என்ற சொந்தப் பெயரோடு, திருமானூர் தாண்டி அதே ஊரில் அதே வீட்டில் இருக்கிறார் என்று ஒரு நாள் தெரிந்தது. எனக்குக் கால் தரையில் பாவவில்லை. எல்லோரையும் கூட்டிப் போய், அவரைக் கௌரவித்து, போட்டோ எடுத்து, பெரம்பலூர், அரியலூர் இரண்டு மாவட்டத்திலும் என்னைவிட்டால் இலக்கியத்துக்கு ஆளில்லை என்று பெயர் வாங்கிவிடத் திட்டம் போட்டேன்.

"ஒரு பொன்னாடை போதாதாடா?" என்றான் செந்தில். வட்டத்தின் பொருளாளர், என் பள்ளிக்கூட சிநேகிதன்.

"பொன்னாடை எல்லாரும் போடறதுடா. மறுநாளே தலகாணி உறை தைச்சிடுவாங்க. நாம ஆளுயர மாலை போடுறோம்."

அரியலூரில் வேனை நிறுத்தி மாலை வாங்கினோம். பூக்காரர் குரலைத் தாழ்த்தி, "பெரியவருங்களா?" என்று கேட்டார். "ரொம்பப் பெரியவருங்க" என்றேன். உச்சுக் கொட்டிவிட்டு, பேரம் பேசாமலே விலையைக் குறைத்துக்கொண்டார். அரியலூர் பூக்காரர்களுக்கு இலக்கியத்தின் மீது இத்தனை மரியாதையா என்று நான் புல்லரித்துப்போனேன்.

ஆண்கள் எல்லோரும் வெள்ளைச் சட்டை போட வேண்டும் என்று முன்பே கட்டளை போட்டிருந்தேன். வேனை ஊர் எல்லையிலேயே நிறுத்திவிட்டு, மாணிக்கம் நடந்த தெருவில் தலைகுனிந்து வரிசையாக நடக்க வேண்டும். யாரும் வாயைத் திறக்கக் கூடாது. இதற்கு 'இலக்கிய மௌனம்' என்று பெயர் வேறு வைத்திருந்தேன். ராமலிங்கம் ஐயாவிடம் முன்கூட்டிச் சொன்னோமா என்றால், இல்லை. இன்ப அதிர்ச்சி கொடுக்கிறேனாம்.

வெள்ளைச் சட்டைக் கூட்டம் ஒன்று சத்தமில்லாமல் மாலையோடு தெருவுக்குள் வந்தால் அதற்கு என்ன அர்த்தம் என்று எங்கள் பக்கத்தில் பால்குடிக்கிற பிள்ளைக்குக்கூடத் தெரியும். எனக்குத் தெரியவில்லை. அத்தனை புத்தகம் படித்திருந்தேன்.

தெருக்குழாயில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்த பெண்கள் குடத்தை இறக்கி வைத்தார்கள். ஒரு அம்மா மட்டும் கிட்டே வந்து, "யாரு வூட்டுக்குங்க?" என்றார்.

"ராமலிங்கம் ஐயா வூட்டுக்குங்க."

அந்த அம்மா நெஞ்சில் கைவைத்தார். "காலையிலதானே திருமானூர் பஸ் ஏறுனாரு."

அதே நேரம், மாணிக்கத்தின் தெருவைக் கண்ணால் கண்டுவிட்ட சரோஜா டீச்சர் விம்ம ஆரம்பித்தார். எங்கள் ஊர்ப்பக்கம் ஒரு பெண் அழுதுகொண்டு தெருவுக்குள் வந்தால் யார், என்ன என்றெல்லாம் யாரும் விசாரிக்க மாட்டார்கள். முதலில் கட்டிக்கொண்டு அழுவார்கள், விசாரணை பிறகு. குழாயடியே வந்து டீச்சரைக் கட்டிக்கொண்டது. ஒருவர் ராகம் போட்டு இழுக்க, மற்றவர்கள் தொடர்ந்தார்கள்.

நான் என்ன நினைத்தேன் தெரியுமா? ஒரு நாவலுக்காக ஒரு தெருவே அழுகிறது, இதுவல்லவா இலக்கியம் என்று நினைத்தேன். என் கண்ணும் கலங்கிவிட்டது. செந்திலிடம் வீடியோ எடுக்கச் சொல்லி ஜாடை காட்டினேன்.

வீட்டுக்குள்ளிருந்து ராமலிங்கம் ஐயாவின் மனைவி செல்லம்மா வந்தார். மீன் கழுவிக்கொண்டிருந்த கை. கூட்டத்தைப் பார்த்தார், டீச்சரைப் பார்த்தார், மாலையைப் பார்த்தார். அப்படியே வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார். அழவில்லை. என்னைப் பார்த்து மெதுவாகக் கேட்டார்.

"எங்க கெடக்காரு?"

அப்போதுதான் எனக்கு உறைத்தது. என் வாழ்க்கையில் நான் அவ்வளவு பயந்ததில்லை. கையிலிருந்த மாலை திடீரென்று கல்லாகக் கனத்தது.

"அம்மா, அவருக்கு ஒண்ணும் ஆவலைங்க. நாங்க நாவல் படிக்கிறவங்க. ஐயாவைப் பார்த்துப் பேசத்தான் வந்தோம்" என்று கத்தினேன். ஒப்பாரிச் சத்தத்தில் பாதிதான் கேட்டிருக்கும். கேட்ட பாதியும் உதவவில்லை. "பாவம், கூட இருந்து பார்த்திருக்காரு போல, அதிர்ச்சியில உளர்றாரு" என்று ஒரு பெரியவர் எனக்குச் சோடா வாங்கி வரச் சொன்னார்.

ஐயாவின் செல்லுக்குப் போட்டுப் பார்க்கலாம் என்று செந்திலுக்குத்தான் தோன்றியது. யாரோ போட்டார்கள். வீட்டுக்குள்ளே சார்ஜரில் கிடந்து அது அடித்தது. அழுகை இரண்டு மடங்காகியது. அதற்குள் பிளாஸ்டிக் நாற்காலிகள் வந்து இறங்கின. பந்தலுக்குக் கம்பு வந்தது. துபாயில் இருக்கிற மகனுக்கு ஒருவர் தகவல் சொல்லிவிட்டார். இன்னொருவர் திருமானூருக்குப் போன் செய்து பிணத்தை வைக்கிற ஐஸ் பெட்டிக்குச் சொல்லிவிட்டார். ஊர் ஒற்றுமையைப் பற்றி யாராவது குறை சொன்னால் இன்றும் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

செல்லம்மா மட்டும் அசையவில்லை. நான் அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, "நிஜமா இல்லைங்கம்மா, நம்புங்க" என்று சொன்னதையே சொல்லிக்கொண்டிருந்தேன். அவர் கண் தெருமுனையை விட்டு அகலவில்லை.

தெருமுனையில் ஐஸ் பெட்டியை ஏற்றிக்கொண்டு குட்டி யானை வந்தது. (அந்தச் சின்ன லாரிக்கு எங்கள் ஊரில் அதுதான் பெயர்.) பெட்டியை இறக்க நாலு பேர் ஓடினார்கள். ஓடியவர்கள் அப்படியே நின்றார்கள். டிரைவருக்குப் பக்கத்து சீட்டிலிருந்து, உர மூட்டையை அணைத்துப் பிடித்தபடி, ராமலிங்கம் ஐயா இறங்கினார்.

பஸ்ஸை விட்டுவிட்டாராம். நம்ம ஊருக்குத்தானே வண்டி போகிறது என்று ஏறிவிட்டாராம்.

"யாருக்குப்பா பெட்டின்னு கேட்டேன். ராமலிங்கம்னு ஒருத்தரு உங்க ஊர்லன்னான். கீழத்தெரு ராமலிங்கம்தான் நாலு நாளா முடியாம கெடந்தான், சரி, அவன்தான் போலன்னு நானும் உச்சுக் கொட்டிட்டு வரேன்" என்றவர், பந்தலைப் பார்த்தார். "இங்க எதுக்கு நாக்காலி?"

செல்லம்மா எழுந்து நேராக அவர் முன்னால் போய் நின்றார்.

"வெளிய போற மனுஷன் போனை வச்சுட்டா போவாரு?" என்றார். அதன் பிறகுதான் அவருக்கு அழுகை வந்தது. ஐயா மூட்டையைக் கீழே வைத்துவிட்டு, என்ன செய்வதென்று தெரியாமல், அவர் தலையில் ஒட்டியிருந்த மீன் செதிலை எடுத்துவிட்டார். எனக்கும் தாங்க முடியவில்லை. இந்த முறை நிஜமாகவே அழுதேன்.

துபாய் மகன் வீடியோவில் வந்தான். முகமெல்லாம் வீங்கியிருந்தது. ஐயா, "லீவு கேட்டுட்டியா? குடுத்துட்டானா? குடுத்தா வந்துட்டுப் போடா, உங்கம்மா ரெண்டு வருஷமாக் கேக்குறா" என்றார்.

பிறகு என் பக்கம் திரும்பினார். நான் நாவலைப் பற்றி, மாணிக்கத்தைப் பற்றிச் சொல்லி முடித்தேன்.

"அந்த ஆளா?" என்றார். "பக்கத்து வூட்டுல இருந்து எங்க வூட்டுக் கொழம்பை எத்தனை நாள் தின்னுருப்பாரு. கடைசில என்னை ஆத்துல முங்கிச் செத்தேன்னு எழுதிட்டாரு. தம்பி, வெள்ளம் போறப்ப இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் நீந்துனவன் நானு. சாவடிச்சது பரவால்ல. நீச்சல் தெரியாதவன்னு ஆக்கிட்டாரே. எம்மாமனார் ஊருல இன்னும் கேலி பேசுறானுங்க."

அடங்காத கோபம். நாற்பது வருஷக் கோபம் என்று பார்த்தாலே தெரிந்தது. சரோஜா டீச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அவரு எழுதுனது தப்புதாங்க" என்றார். அதோடு சரி, இன்றுவரை டீச்சர் அந்த அத்தியாயத்துக்கு அழுததில்லை.

மாலையை வீட்டுக்குள் கொண்டுவரக் கூடாது என்று செல்லம்மா சொல்லிவிட்டார். வேனில் ஏற்றக் கூடாது என்று எங்கள் டிரைவர் சொல்லிவிட்டார். "வெறும் பெட்டியாத் திரும்பிப் போறேன், அதையாவது குடுங்க, அடுத்த எடத்துக்கு ஆவும்" என்று குட்டி யானைக்காரர் வாங்கிக்கொண்டு போனார்.

கிளம்பும்போது செல்லம்மா தீர்ப்புச் சொன்னார். "இனிமே எங்க போனாலும் போனை எடுத்துட்டுப் போங்க. பஸ் ஏறுனதும் மொதல்ல இந்தத் தம்பிக்குச் சொல்லிடுங்க. இல்லாட்டி இவரு மாலை வாங்கிடுவாரு."

ஐயா அதை விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. திருமானூர் சந்தை, அரியலூர் கண் ஆஸ்பத்திரி, பேத்தி காதுகுத்து, எதுவானாலும் பஸ் ஏறியதும் எனக்குப் போன் வந்துவிடும். "தம்பி, உசுரோடதான் போறேன்." எனக்குக் கல்யாணமாகி வந்த மனைவி முதலில் பயந்தாள், இப்போது பழகிவிட்டது. விருந்தாளிகள் இருந்தாலும் கவலைப்படாமல் அடுப்படியிலிருந்து குரல் கொடுப்பாள். "ஏங்க, உங்க பொணம் கூப்பிடுது."

போன வாரமும் கூப்பிட்டது. எடுத்தேன். மூச்சு வாங்கிக்கொண்டு பேசினார்.

"தம்பி, கொள்ளிடத்துக்கு அந்தப் பக்கம் நின்னு பேசறேன்."

"ஐயா, இந்த வயசுல நீந்துனீங்களா?"

"தண்ணி எங்கப்பா இருக்கு? மணல்ல நடந்துதான் வந்தேன்." பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார். "நீயும் ஏதோ எழுதுறேன்னு செந்தில் தம்பி சொன்னாரு. என்னைப் பத்தி எழுதுவியா?"

"எழுதுறேங்கய்யா."

"எழுதுனா, நீந்தி வந்தேன்னு எழுது."

ஆகவே, எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டியது: போன வாரம், கொள்ளிடத்தில் இரு கரையும் தொட்டு வெள்ளம் போய்க்கொண்டிருந்தது. ராமலிங்கம் ஐயா அதை நீந்திக் கடந்தார்.