தொட்டில் சின்னத்து அக்காவும் என் வாயும்

திருவனந்தபுரத்தில் என் குரலைக் கேட்டு ஓட்டுப் போட்டவர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். பொய். என் குரலைக் கேட்டு ஜன்னலைச் சாத்தியவர்கள் கரமனையில் இரண்டு தெரு நிறைய இருக்கிறார்கள், அவ்வளவுதான். (சொல்வது நான், எழுதுவது மகள். எனக்கும் பள்ளிக்கூடத்துக்கும் இரண்டாம் வகுப்போடு பேச்சுவார்த்தை நின்றுவிட்டது.)

தேர்தல் வந்தால் என் ஆட்டோவின் தலையில் மைக் ஏறும். போன சட்டசபைத் தேர்தலில் காலையில் நாற்காலி சின்னத்துக்குக் கத்தினேன். பெரிய கட்சி, பிரியாணி உண்டு. சாயங்காலம் சரசம்மா அக்காவுக்கு. சின்னக் கட்சி, பால் இல்லாத கட்டன்சாயா மட்டும். இரண்டு இடத்திலும் சொல்லிவிட்டுத்தான் செய்தேன்.

அக்கா ஆயுசு முழுக்க பஸ் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். பஸ் பயணிகளுக்கென்று ஒரு கட்சி. அதில் அவர்தான் தலைவி, அவர்தான் வேட்பாளர், கொடி தைத்ததும் அவர்தான். சின்னமாக பஸ் கேட்டார், தொட்டில் கொடுத்தார்கள். "தொட்டிலும் வண்டிதானேடே. என்ன, ஸ்டாப்பு கிடையாது" என்றார்.

அவருக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. பழவங்காடி ஸ்டாப்பில் காத்து நிற்கிறவர்களுக்கு மழைக்கு ஒதுங்க ஒரு கூரை. அதை ஊரே கூடுகிற இடத்தில் ஒரு தடவை சொல்லிவிட வேண்டும்.

ஊரே கூடுவது பிரசாரத்தின் கடைசி நாளில்தான். ஆறு மணிக்கு எல்லா மைக்கும் அடங்க வேண்டும். அதற்கு முன்னால் எல்லாக் கட்சியும் ஒரே ஜங்ஷனில் கொடி, செண்டை மேளம், பாட்டு என்று ஆடித் தீர்ப்பார்கள். கொட்டிக்கலாசம் என்பார்கள். பழவங்காடியில் போலீஸ் எங்களுக்குக் கொடுத்த இடம் ஓர் இளநீர் வண்டிக்குப் பின்னால்.

ஆறு மணி அடிக்கக் கொஞ்சம் முன்னால் செண்டைக்காரர்கள் கை ஓய்ந்து சோடா குடிக்கப் போனார்கள். ஜங்ஷன் அமைதியானது. அக்கா ஆட்டோவின் படியில் ஏறிக் கும்பிட்டார். "சொல்லுடே" என்றார்.

நான் தொண்டையைச் செருமினேன். காலையில் பாடம் பண்ணியது அப்படியே வந்தது. "நாடின்டெ பொன்னோமனப் புத்ரன், நாற்காலி அடையாளத்தில் மத்சரிக்குந்ந நம்முடெ பிரியங்கரனாய ஸ்தானார்த்தி, இதா நிங்ஙளுடெ முன்னில்!"

நாட்டின் செல்லத் தங்கமகன், நாற்காலி சின்ன வேட்பாளர் இதோ என்று நான் காட்டிய இடத்தில் அக்கா நின்றார், காக்கி நிறப் புடவையும் நரைத்த கொண்டையுமாக.

ஜங்ஷனே சிரித்தது. நாற்காலிக்காரர்கள் எனக்குக் கை தட்டினார்கள். நான் அவசரமாகத் திருத்தப்போய் மைக் வயரைப் பிடுங்கிவிட்டேன். (எந்த வயர் என்று இன்றும் தெரியாது.) அக்காவின் ஒரே வாய்ப்பும் போயிற்று என்று சீட்டுக்குக் கீழே குனிந்தேன்.

அப்போதுதான் அந்தக் குரல். மைக் இல்லாமல்.

"முன்னோட்டு கேறி நில்லுங்க! கதவுப் பக்கம் கூட்டம் கூடாதீங்க!"

சத்தியமாகச் சொல்கிறேன், மொத்த ஜங்ஷனும் ஓரடி முன்னால் நகர்ந்தது. மூன்று கட்சிக் கொடியும் நகர்ந்தது. ஒரு போலீஸ்காரரும் நகர்ந்தார். பஸ்ஸில் வளர்ந்த ஊர், பழக்கம் விடுமா?

"இந்த ஸ்டாப்புல ஒரு கூரை வேணும். நான் ஜெயிக்கமாட்டேன், எனக்கே தெரியும். ஜெயிக்கிறவன் போட்டாப் போதும்" என்றார் அக்கா. ஆறு மணி விசில் அடித்தது. இந்தத் தடவை சிரிப்பில்லை, கைதட்டல்.

திரும்பும்போது ஹார்ன்கூட அடிக்காமல் ஓட்டினேன். கரமனைப் பாலத்தில் அக்காவே சொன்னார்: "விடுடே. என் கூடப்பொறந்த அனியத்தி கல்யாணப் பந்தியில சாம்பார் வாளியோட நின்னு 'டிக்கெட் எடுக்காதவங்க யாரு'ன்னு கேட்டவ நான்."

நாற்காலி ஜெயித்தது. அடுத்த மழைக்குள் கூரையும் வந்தது, ஜெயித்தவரின் பெரிய படத்தோடு. "படம் பெரிசா இருந்தா நல்லதுதாண்டே, சாரல் அடிக்காது" என்றார் அக்கா. அவரை மாதிரி ஒருவர் தோற்பதைப் பார்த்தால் ஜெயிப்பவர்கள் மேல் பரிதாபம் வருகிறது. ஓட்டு எண்ணின அன்று அவர் செய்ததைக் கேட்டால் நீங்கள்...

இருங்கள், வாசலிலிருந்து மனைவி கூப்பிடுகிறாள்.

"பொன்னோமனப் புத்ரா! அக்கா இந்தத் தடவையும் நிக்குறாங்களாம், ஆட்டோல ஏறி இருந்தாச்சு. யாருக்குப் பேசப்போறீங்கன்னு என்கிட்ட ஒருக்கா சொல்லிட்டு மைக்கத் தொடுங்க."