இந்தப் பெயரில் இங்கே மரம் இல்லை

ஒரு மரத்தைக் காட்டி "இது என்ன மரம்?" என்று கேட்டால், மரத்தைப் பார்க்காமல் உங்களைப் பார்த்துச் சிரிக்கிற ஓர் இனம் உலகத்தில் உண்டு. 'பாவம், இவருக்கு இன்னும் பழைய பெயர்தான் தெரியும்' என்று அந்தச் சிரிப்புக்கு அர்த்தம். இந்த இனத்துக்குப் பெயர்த் திருத்தர் என்று நானே பெயர் வைத்திருக்கிறேன். அவர்கள் காதில் போட்டுவிடாதீர்கள். மாற்றிவிடுவார்கள்.

பெயர்த் திருத்தர் எல்லாத் துறையிலும் முளைக்கிறார். ஆனால் தழைத்து வளர்வது தாவரவியலில்தான். அதிலும் பிசின் வடிக்கும் மரங்களின் பக்கம் ஒதுங்கியவர்கள் தனி ரகம். பட்டையில் காயம் பட்டால் வேல மரமும் பிசின் வடிக்கிறது, முருங்கையும் வடிக்கிறது, பாதாமும் வடிக்கிறது; இவை ஒன்றுக்கொன்று அக்கா தங்கையும் இல்லை, அத்தை மகளும் இல்லை. எனவே பிசினை வைத்து உறவு சொல்ல முடியாது. பூவைப் பார்க்க வேண்டும், காயைப் பிளக்க வேண்டும், முள் நேராக நிற்கிறதா கொக்கியாக வளைகிறதா என்று லென்ஸை வைத்துக் குனிய வேண்டும். அப்படிக் குனிந்து நிமிர்ந்தவர்களில் பாதிப் பேர் வெட்டுக் கட்சி, மீதிப் பேர் ஒட்டுக் கட்சி. ஒன்றாக இருந்த குடும்பத்தைப் பாகம் பிரித்து, ஆளுக்கொரு புதுப் பெயர் சூட்டிவிட்டுத்தான் சாப்பிட உட்காருவேன் என்பவர் வெட்டுக் கட்சி. பிரிந்து கிடப்பவர்களை ஒரே கூரையின் கீழ் தள்ளி, மிஞ்சிய பெயர்களைக் குப்பையில் போட்டால்தான் தூக்கம் வரும் என்பவர் ஒட்டுக் கட்சி. மரம் எந்தக் கட்சி என்று இதுவரை யாரும் கேட்டதில்லை.

எனக்குத் தெரிந்த பெயர்த் திருத்தர் அசல் வெட்டுக் கட்சி. நான் கணக்குப் பிரிவில் வேலை பார்க்கும் ஆராய்ச்சி நிலையத்தில் அவர் விஞ்ஞானி. குடியிருப்பில் எனக்கு அடுத்த வீடு. எல்லோரும் அவரை 'பிசின் சார்' என்போம். அவர் படித்ததும் பிசின் மரங்களைத்தான். அவர் கையில் சிக்கினால் லேசில் விடுபட முடியாது என்பதும் ஒரு காரணம்.

அவர் ராஜ்ஜியம் மாடியில் இருக்கும் காய்ந்த செடிகளின் கூடம். உள்ளே நுழைந்தால் அந்துருண்டை வாசனை மூக்கைப் பிடித்துத் திருகும். இரும்பு அலமாரிகளில் அட்டை அட்டையாக உலர்ந்த கிளைகள்; ஒவ்வொன்றின் மூலையிலும் பெயர்ச் சீட்டு. யாராவது பெயரை மாற்றினால் பழைய சீட்டைக் கிழிக்கக் கூடாது, புதியதைப் பக்கத்தில் ஒட்ட வேண்டும் என்பது அந்தக் கூடத்தின் சட்டம். பிசின் சார் பொறுப்பேற்ற பிறகு சில அட்டைகளில் சீட்டுகளுக்கு நடுவே செடியைத் தேட வேண்டியிருக்கிறது. அத்தனை சீட்டையும் அவர் ஒட்டியது கடைப் பசையால் அல்ல. எங்கள் குடியிருப்பு வாசலில் நின்ற கருவேல மரத்தின் பிசினைக் கரைத்துத்தான். மரத்தின் சொந்தப் பிசினாலேயே அதன் பெயரை ஒட்டி, பிறகு அதே பிசினால் அந்தப் பெயரை மாற்றுகிற பாக்கியம் வேறு யாருக்குக் கிடைக்கும்?

வீட்டிலும் ஆள் இப்படித்தான். ஒருநாள் அவர் மனைவி, "ஏங்க, புது அலமாரிக் கதவுல பிசின் மாதிரி ஏதோ வடியுது" என்றார். அவ்வளவுதான். தண்ணீரில் கரைந்தால்தான் அது பிசின், கரையாவிட்டால் குங்கிலிய வகை என்று ஒரு பிரசங்கம் செய்துவிட்டு, கதவைச் சுரண்டி ஒரு டம்ளர் தண்ணீரில் போட்டு மேஜைமேல் வைத்தார். அசந்த நேரத்தில் மாமனார் அதை எடுத்துக் குடித்துவிட்டார். குடித்தவருக்கு ஒன்றும் ஆகவில்லை. மருமகன்தான் இரண்டு நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை, மாதிரி வீணாகிவிட்டதாம்.

இனி அந்தக் கருவேல மரத்துக்கு வருகிறேன். சிரிப்பாகச் சொல்லிக்கொண்டு வந்துவிட்டேன். இந்த இடத்தில் எனக்குக் கொஞ்சம் வயிற்றெரிச்சல் உண்டு. வெயில் நேரத்தில் எங்கள் இரண்டு வீட்டுச் சமையலறையும் வேகாமல் காத்தது அந்த மரம். அதன் அடியில் ஒரு சிமெண்டு பெஞ்சு. வீட்டு வேலை முடிந்ததும் அவர் மனைவி அங்கே வந்து உட்கார்ந்து, யாருக்கும் எதுவும் செய்யாமல் கொஞ்ச நேரம் சும்மா இருப்பார். அந்த அம்மாவுக்கு நாள் முழுக்கச் சொந்தமாக இருந்தது அந்த ஒரு நிழல்தான். பிசின் சாருக்கும் அந்த மரம் உயிர். சாலையை அகலமாக்க நகராட்சி கிளம்பியபோது அலைந்து திரிந்து எழுதிக்கொடுத்து, வெட்டக் கூடாத மரங்களின் பட்டியலில் அதைச் சேர்த்தவரே அவர்தான்.

பிறகு உலகத்து வேல மரங்களுக்குப் பாகப் பிரிவினை வந்தது. அக்கேசியா என்று ஒரே பெயரில் ஒற்றுமையாக இருந்த பெரிய குடும்பம் அது. தாவரவியல்காரர்கள் மாநாடு கூட்டி, வாதாடி, ஓட்டும் போட்டு, அந்தப் பெயரை வேறொரு கண்டத்து மரங்களுக்கே கொடுத்துவிட்டார்கள். நம் கருவேலம் வசெல்லியா ஆகிவிட்டது. அன்று பிசின் சார் அலுவலகம் முழுக்க இனிப்பு கொடுத்தார். வாங்கித் தின்றவர்களில் எத்தனை பேருக்குக் காரணம் புரிந்தது என்று கேட்காதீர்கள். இனிப்பு நன்றாக இருந்தது.

அந்தச் சமயம் பார்த்து நகராட்சி, பட்டியலைப் புதுப்பிக்க வேண்டும், பெயர்கள் சரிதானா என்று நிலையத்துக்கு எழுதிக் கேட்டது. கேட்கலாமா? பட்டியலில் அக்கேசியா என்றிருந்த பழைய பெயரைச் சிவப்பு மசியால் அடித்தார் பிசின் சார். தன் கூடத்தில் ஒரு சீட்டைக்கூடக் கிழிக்க விடாத மனிதர், ஊராரின் காகிதத்தில் தயங்காமல் அடித்தார். ஓரத்தில், 'இந்தப் பெயரில் இங்கே மரம் இல்லை. சரியான பெயர் விளக்கக் கட்டுரையுடன் பின்னர் அனுப்பப்படும்' என்று எழுதி அனுப்பிவைத்தார்.

பின்னர் என்றால் எப்போது? அவர் மனைவி வாரம் தவறாமல் கேட்டார்.

"அந்தப் பேர எழுதி அனுப்பிட்டீங்களா?"

"அவசரப்பட்டா எப்படி? துணையினம் இன்னும் முடிவாகல. காய் அமைப்பு இடிக்குது."

"இப்போதைக்கு ஏதாவது ஒரு பேரப் போட்டு அனுப்புங்களேன்."

"ஏதாவது ஒரு பேரா?" என்றார் பிசின் சார், நெஞ்சில் கை வைத்து.

நகராட்சி எழுத்தர் நல்ல மனிதர். மரம் இல்லை என்று விஞ்ஞானியே எழுதிக் கொடுத்த பிறகு, இல்லாத மரத்தை எப்படிக் காப்பாற்றுவது? பட்டியலிலிருந்து அந்த வரியை எடுத்துவிட்டார்.

மரம் வெட்ட ஆட்கள் வந்த அன்று நான் மாடியில் பிசின் சாரின் மேஜைக்கு எதிரே ஒரு கையெழுத்துக்காக நின்றுகொண்டிருந்தேன். போன் வந்தது. அவர் கை முழுக்கப் பிசின், ஸ்பீக்கரில் போட்டார்.

"ஏங்க, நம்ம கருவேல மரத்த வெட்ட வந்திருக்காங்க. உடனே வாங்க."

"எந்த மரம்?"

"வாசல்ல நிக்கிற கருவேல மரங்க."

"எத்தன தடவ சொல்றது? கருவேலம்னு மொட்டையா சொல்லக் கூடாது. அதுக்குள்ளயே பல துணையினம் இருக்கு."

"சரி, தப்புத்தான். நீங்க வந்து ஒரு வார்த்த சொன்னா நிறுத்துறேன்னு மேஸ்திரி சொல்றாரு. பட்டியல்ல அந்தப் பேர்ல இங்க மரமே இல்லியாம்."

பிசின் சார் முகம் மலர்ந்ததை நான் கண்ணால் பார்த்தேன். வாழ்நாளில் முதல் முறையாக ஓர் அலுவலகம் அவருடைய திருத்தத்தை ஏற்றுக்கொண்டிருக்கிறது.

"சரியாத்தானே போட்டிருக்கான்" என்றார் பெருமையாக. "அந்தப் பேரு இப்ப வேற கண்டத்து மரத்துக்குப் போயிடுச்சு. அந்த மேஸ்திரிகிட்ட போனக் குடு, நான் விளக்கமாச் சொல்றேன்."

மேஸ்திரி போனை வாங்கி மரியாதையாகக் கேட்டுக்கொண்டார். மாநாடு, ஓட்டு, முள், கொக்கி எல்லாம் வந்தது. நான் மேஜையைத் தட்டினேன். கையைக் காட்டி என்னை அடக்கினார். வசெல்லியாவுக்கு அவர் வந்து சேர்ந்தபோது, "அப்ப அந்தப் பேர்ல மரம் இல்லங்கறது சரிதானே சார்?" என்று மேஸ்திரி குறுக்கிட்டார். "நூத்துக்கு நூறு சரி" என்றார் பிசின் சார். பின்னால் ரம்பம் உறுமத் தொடங்கியது. அப்போதுதான் அவருக்கு உறைத்தது. பிசின் கையோடு ஓடினார். நானும் பின்னால் ஓடினேன்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மரம் கிடந்தது. அவர் மனைவி அதே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். தலைக்குமேல் வெயில். அழவில்லை, கோபப்படவுமில்லை. வெட்டிய துண்டுகளை லாரியில் ஏற்றுவதைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"இப்ப இதுக்கு என்ன பேருங்க?"

பிசின் சார் வாயைத் திறந்தார்.

"விறகு" என்றார் அந்த அம்மா. "இதையாவது மாத்தாம விடுங்க."

சரி, பிசின் சாரைப் பார்த்துச் சிரித்தது போதும். நடுவில் ஓரிடத்தில், 'வசெல்லியா என்று எழுதியது தப்பு, உச்சரிப்பு வேறு' என்று உங்கள் கை பென்சிலைத் தேடியதே, அதை நான் கவனித்தேன். நீங்கள் தேடிக்கொண்டிருந்தபோது உள்ளே இருந்து யாரோ உங்களைக் கூப்பிட்டார்கள். முதலில் எழுந்து போய் என்னவென்று கேளுங்கள். எப்படிக் கூப்பிட்டார்கள் என்பதை அப்புறம் திருத்திக்கொள்ளலாம்.