மிஸிஸ் தம்பிமுத்து

அழைப்பு அட்டையை மேசையில் வைத்து, அதில் ஒரு வரியை மட்டும் விரலால் தொட்டுக் காட்டினாள் அம்பிகை.

"இதை வாசியுங்கோ."

"மிஸ்டர் அண்ட் மிஸிஸ் தம்பிமுத்து. சனிக்கிழமை நாலு மணிக்குத் துரை பங்களாவில் தேநீர்," என்று வாசித்தான் ஸ்கந்தராஜா. "அதுக்கென்ன?"

"அது மாமான்ர பேர். அப்ப மிஸிஸ் ஆர்? மாமி! மாமியைக் கூட்டிக்கொண்டு போங்கோ. நான் வரமாட்டன்."

கல்யாணமாகி மூன்று மாதம். யாழ்ப்பாணத்திலிருந்து கப்பலேறி, சுங்காய் ஊருக்குப் பக்கத்து ரப்பர் தோட்டத்துக்கு அவள் வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. மிஷன் பள்ளியில் ஆங்கிலம் படித்தவள் என்று மாப்பிள்ளை வீட்டார் பெருமையாகச் சொல்லிக்கொண்டதன் பலனை ஸ்கந்தராஜா இப்போதுதான் அனுபவித்தான்.

ஆறு வருஷத்துக்கு முன், தோட்டத்து ஆபீசில் கணக்கெழுதும் சின்னக் கிராணி வேலைக்கு மனுப் போட்டபோது, 'ஸ்கந்தராஜா, தம்பிமுத்துவின் மகன்' என்று ஆங்கிலத்தில் எழுதினான். வில்சன் துரை கடைசியில் நின்ற பெயரைக் குடும்பப் பெயராக எடுத்துக்கொண்டார். அன்று முதல் துரைக்கும் பேரேட்டுக்கும் அவன் தம்பிமுத்து. துரையைத் திருத்த அப்போது துணிவு வரவில்லை. பிறகு பழகிவிட்டது.

"துரைக்கு ஒரு ஆளின்ர பேர்கூடத் தெரியாதோ?"

"அவரை விடு. மரியாதையில நான் ஒரு குறையும் வைக்கேல்ல. ஒவ்வொரு கிறிஸ்மஸுக்கும் வாழ்த்தோட ஒரு போத்தல் தேன் குடுக்கிறன். துரையின்ர பேருக்கு முன்னால நிக்கிற தகப்பன் பேர், ஆர்தர் துரை; அவருக்குச் சீமைக்கு அனுப்பச் சொல்லி. குளிர் நாடு. வயசான மனுசன். இருமல் இருக்குமெல்லே?"

"துரையின்ர தகப்பன் பேரை நீங்கள் நெஞ்சில வைச்சிருக்கிறியள். உங்கட தகப்பன் பேரை அவர் உங்கட தலையில வைச்சிருக்கிறார்."

சனிக்கிழமைத் தேநீரில்தான் புதிய பெரிய கிராணி யாரென்று துரை சொல்லப்போகிறார். ஆறு வருஷமாகக் காத்திருந்த வேலை. மனைவியோடு வரச்சொன்ன இடத்துக்குத் தனியாகப் போய் நின்றால் துரைசாணி என்ன நினைப்பாள்?

மறுநாள் காலையில் அவன் துரையின் அறைக்குப் போனான். வில்சன் துரை தோட்டத்துத் தமிழைத் தண்ணீர் பட்ட பாடாகப் பேசுவார். 'நீ'க்கு மேல் மரியாதை மட்டும் அதில் கிடையாது.

"என்னா, தம்பிமுத்து?"

"தம்பிமுத்து நான் இல்லை, துரை."

துரை பேனாவைக் கீழே வைத்தார். "அப்ப யாரு?"

"என் அப்பா."

"ஒன் அப்பன் எங்க இருக்கான்?"

"தைப்பிங்கில். கவர்மெண்டு வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்."

"ஆறு வருஷமா என் ஆபீஸ்ல வேலை செய்யிறது யாரு?"

"நான்தான், துரை."

"அப்பன் பேர்ல நீ ஏன் வேலை செய்யிறே?"

துரையின் முகம் சிவந்துவிட்டது.

"தம்பிமுத்துதான் பெரிய கிராணின்னு ஈப்போ பெரிய ஆபீஸ்லேருந்து கடுதாசி வந்தாச்சு. இப்ப நான் அவங்களுக்கு என்னா சொல்லுறது? சனிக்கிழமை ஒன் அப்பனைக் கூட்டியா. பொய்யா இருந்தா, சின்னக் கிராணி வேலையும் இல்லை!"

அன்றே தைப்பிங்குக்குத் தந்தி பறந்தது: 'பெயரில் தகராறு. உடனே வரவும்.'

கறுப்புக் கோட்டு, தலைப்பாகை, சங்கிலி போட்ட பைக்கடிகாரம் சகிதம் ரயிலிலிருந்து இறங்கினார் தம்பிமுத்து. "என்ர பேரில என்னடா தகராறு? அறுபது வருஷமா நல்லாய்த்தானே இருக்குது!"

அம்பிகையும் மனமிரங்கினாள். "மாமா வாறபடியால், மருமகளாய் வாறன்."

பங்களா வராந்தாவில் கிழவரின் கோட்டையும் சங்கிலியையும் பார்த்ததுமே துரைக்கு அவரைப் பிடித்துப்போயிற்று.

"நீ தம்பிமுத்துவா?"

"ஓம், துரை. அசல்."

துரை ஈப்போக் கடிதத்தை எடுத்துப் பார்த்தார். எழுந்து கிழவரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். "கடுதாசில இந்தப் பேர்தான் இருக்கு. நீதான் பெரிய கிராணி."

ஓய்வு பெற்ற ஐந்து வருஷமும் சலிப்பில் கழித்தவர் தம்பிமுத்து. "திங்கட்கிழமை எத்தனை மணிக்கு வரவேணும், துரை?"

"அப்பா!" என்று அலறினான் ஸ்கந்தராஜா. "துரை, வேலை செய்தது நான்! இவளைக் கேளுங்கள், இவள் சொல்லுவாள்!"

துரை அம்பிகை பக்கம் திரும்பினார். "சொல்லு. ஒன் புருஷன் பேரு என்னா?"

அம்பிகை தலைகுனிந்தாள்.

"சொல்லு, அம்பிகை!"

"புருஷன்ர பேரை எப்பிடிச் சொல்லுறது?" என்று முணுமுணுத்தாள். "மாமா வேற பார்த்துக்கொண்டிருக்கிறார்."

"நல்ல வளர்ப்பு," என்று தலையாட்டினார் தம்பிமுத்து.

"புருஷன் பேரே தெரியாதா? எல்லாம் பொய்!" துரை கடிதத்தைக் கிழிக்கப் போனார்.

அப்போது உள்ளேயிருந்து தேநீர்க் கெண்டியோடு துரைசாணி வந்தாள். நடந்ததெல்லாம் அவள் காதில் விழுந்திருந்தது. அம்பிகையைப் பார்த்துப் புன்னகைத்து, விருந்தாளிகள் பேசிய தமிழிலேயே சொன்னாள்:

"ஆர்தர், அதைக் கிழிக்காதே. பேரை அடிச்சி எழுதி, மகன்கிட்ட குடு."

துரையின் தகப்பனே வந்துவிட்டாரென்று ஸ்கந்தராஜா துள்ளி எழுந்து, வாசலைப் பார்த்துக் கைகூப்பினான். அம்பிகையும் அவசரமாகச் சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டாள். வாசலில் ஒருவரும் இல்லை. வில்சன் துரைதான் பேனாவைத் திறந்து, கடிதத்தில் ஒரு பெயரை அடித்து இன்னொரு பெயரை எழுதிக்கொண்டிருந்தார்.

"அங்க யாரைத் தேடுறே?" என்றாள் துரைசாணி. "ஆர்தர் இவருதான். ஆறு வருஷமா ஒன் தேனை இருமாமலே குடிக்கிறாரு."